கடைசி அத்தியாயத்தில் அப்பா

என் ஆசை அக்கா செல்லம்மாவுக்கு,

நீ போன பிறகும் நம் பகாவ் ஊரில் மழை விடவில்லை. பள்ளிக்கூடப் பிள்ளைகள் இன்னும் உன்னைத் தேடி வருகிறார்கள். ஜப்பான்காரன் மலாயாவை ஆண்ட காலத்து ரப்பர் தோட்டத்தை வைத்து நீ அவர்களுக்காக எழுதிய நாவல்கள்தான் கையில்.

போன வாரம் ஒரு பெண், "அங்கிள், எல்லாக் கதையிலயும் சயாம் ரயில் பாதை போடப் போன அப்பா திரும்பி வந்துடுறாரே, நெசமாவே உங்கப்பா வந்தாரா?" என்று கேட்டாள். "தேத்தண்ணி குடிம்மா" என்றேன்.

ஜப்பான்காரன் அப்பாவைச் சயாமுக்கு லாரியில் ஏற்றிப் போனபோது நான் அம்மாவின் வயிற்றில் இருந்தேன். எனக்குத் தெரிந்தவர் நீ எழுதிய அப்பாதான். ஒரு நாவலில் ரப்பர் மரங்களுக்கு நடுவே பனிக்குள்ளிருந்து நடந்து வருவார். இன்னொன்றில் மரவள்ளிக் கொல்லையில் நின்று உன்னைக் கூப்பிடுவார். சில மத்தியானங்களில் கண்ணயரும்போது என் தலையைத் தடவுவார். அது நான் கண்ட கனவா, உன் புத்தகத்தில் படித்ததா? இந்த வயதிலும் எனக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை.

தோட்டப் பள்ளியில் பாடம் சொல்லிக்கொடுத்துவிட்டு, லீவு நாளில் பஸ் ஏறித் தோட்டம் தோட்டமாகக் கதை கேட்கப் போவாய். காய்ச்சல், பசி, ஜப்பான்காரன் விட்ட அறை, தப்பி வந்தவர்கள் சொன்ன எதையும் நீ மறைக்கவில்லை. அப்பாவை மட்டும் உன்னால் சாகவிட முடியவில்லை. "வரலாறு எழுதுறேன்னுட்டு பொய் சொல்றியே லா" என்று சீண்டுவேன். "படிக்கிற புள்ளைங்க தூங்க வேணாமாடா?" என்பாய்.

அப்படிப்பட்டவள் ஆஸ்பத்திரியில் கடைசி நாவலைக் கொடுத்து என்ன சொன்னாய்? "தம்பி, இதுல அப்பா வரமாட்டார்டா. கடைசி அத்தியாயத்த நீயே எழுதிரு. என்னால முடியல."

எனக்குக் கோபம் வந்தது அக்கா. உனக்காவது அவர் தோளில் உட்கார்ந்த ஞாபகம் இருந்தது. உன் பக்கங்களை விட்டால் எனக்கு வேறு அப்பா ஏது? அவரையும் என் கையாலேயே அனுப்பிவிடச் சொல்கிறாயா?

பதிப்பகத்துக்காரர் வேறு, "வந்துட்டார்னே முடிச்சிடுங்க அங்கிள், அதான் எல்லாருக்கும் புடிக்கும் லா" என்றார். நானும் எழுதிப் பார்த்தேன். அப்பா தோட்டத்து லயத்தில் நம் வீட்டு வாசல்வரை வந்தார். என்னைப் பார்த்தார். நான் யாரென்று அவருக்குத் தெரியவில்லை. அந்தத் தாளைக் கிழித்துப் போட்டேன்.

நேற்று மத்தியானம் எழுதி முடித்துவிட்டேன். சண்டை முடிந்து சயாமிலிருந்து லாரி வருகிறது. எல்லோரும் இறங்குகிறார்கள். அப்பா இல்லை. எழுதிவிட்டு வாய்விட்டு அழுதேன். அவருக்காக நான் அழுதது இதுதான் முதல் தடவை.

அம்மா கடைசிவரை பொட்டை அழிக்கவில்லை. "உசுரோட இருக்கவருக்கு எள்ளுந்தண்ணியுமா?" என்று நம்மைத் திதி கொடுக்கவும் விடவில்லை. வரும் ஆடி அமாவாசைக்குப் போர்ட்டிக்சன் கடலில் இறங்கி, அப்பா பெயரைச் சொல்லித் தண்ணீர் விடுவேன். பக்கத்திலேயே உன் பெயரையும் சொல்வேன். இது சத்தியம்.

அப்பாவை இப்போதுதான் வழியனுப்பிய உன் தம்பி,
முத்தையா