நீ கூப்பிடுவதற்காக வைத்த பேர்

அக்கா,

இன்றைக்குப் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது, பரமத்தி வேலூரிலிருந்து சேலம் போகிற பஸ்ஸில் ஏறினேன். என் சீட்டுக்குப் பின்னால் ஒரு வெற்றிலைக் கூடை. ஈர வாழைச் சருகும் வெற்றிலைக் காம்பும் சேர்ந்த அந்த வாசனை வந்ததும் மடியிலிருந்த புத்தகத்தை மூடிவிட்டேன். கல்யாணமாகிப் போன கொஞ்ச நாளிலேயே உன் சேலையெல்லாம் அந்த வாசனைதான். நீ ஊருக்கு வந்தால் உனக்கு முன்னால் அது வாசலுக்குள் நுழையும். வெற்றிலைக் கொடிக்காலே எழுந்து நடந்து வருகிற மாதிரி இருக்கிறதென்று அப்பா கேலி செய்வார்.

மூடிய புத்தகம் பூகோளம். வட துருவம், தென் துருவம் என்று படித்துக்கொண்டிருந்தேன். உன் பையனுக்கு நீ வைத்த பேரும் அதே சொல்தான். வாசனையும் சொல்லும் ஒன்றாக வந்தபிறகு உனக்கு எழுதாமல் இருக்க முடியவில்லை. நீ போய் இரண்டு வருஷம் ஆகப்போகிறது. அந்தப் பேருக்கு என்ன ஆயிற்று என்று உனக்குச் சொல்லவேண்டும்.

நீ பிரசவத்துக்கு நம் வீட்டுக்கு வந்திருந்த கோடையில் நான் எட்டாம் வகுப்பு முடித்திருந்தேன். உன் புகுந்த வீட்டுப் பழக்கத்தையெல்லாம் அப்போதுதான் விவரமாகச் சொன்னாய். உன் மாமனார் பேர் நாச்சிமுத்து. அவர் இறந்து பல வருஷம் ஆகியும் அந்த வீட்டுப் பெண்கள் அந்தப் பேரை வாயால் சொல்லமாட்டார்கள். முழுப் பேரை மட்டுமில்லை, அதில் பாதியைக்கூட. விளக்கெண்ணெய் ஆட்டுகிற கொட்டமுத்தை உன் மாமியார் எண்ணெய்க் கொட்டை என்பார். பக்கத்து வீட்டுக் குழந்தைக்கு அம்மை முத்துப் போட்டிருந்தபோது, மேலெல்லாம் பூத்திருக்குது என்றாராம். நீ அதைச் சொல்லிச் சிரித்தாய். ஆனால் மறுநாள் அம்மா உன்னிடம் கொட்டமுத்து எங்கே இருக்கிறதென்று கேட்டபோது, நீ பதில் சொல்லாமல் கையை மட்டும் காட்டினாய். அதை நான் கவனித்தேன்.

தலைச்சன் பையனாகப் பிறந்தால் தாத்தா பேர்தான் என்பது நம் பக்கத்தில் யாரும் கேள்வி கேட்காத விஷயம். உனக்கும் அதில் வருத்தமில்லை. உன் வருத்தம் வேறு.

"அந்தப் பேரு அவனுக்கு இருக்கட்டும். ஆனா நான் பெத்த புள்ளைய நானே பேர் சொல்லிக் கூப்புட முடியாதுல்ல? காலம் பூரா 'இங்க பாரு, இங்க பாரு'ன்னா கூப்புடறது? எனக்குன்னு ஒரு பேர் பாத்துக் குடு. நீதான் பொழுதன்னிக்கும் புஸ்தகத்தோட கெடக்கறயே."

எனக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை. வாரப் பத்திரிகைகளில் வருகிற பேர்களாகக் கொண்டுவந்தேன். ரமேஷ், சுரேஷ், தினேஷ். நீ உதட்டைப் பிதுக்கினாய். "இதெல்லாம் லாரி நெத்தியில எழுதற பேரு. நாமக்கல்லு போற வழியில எல்லா லாரியும் சுரேசுதான்" என்றாய். அதனால் பள்ளி நூலகத்தில் தேடி, தூசி தட்டி, ஒரு நாள் துருவன் என்ற பேரோடு வந்தேன்.

எருமைக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டே, அதற்கு என்ன அர்த்தம் என்று நீ கேட்டாய். நான் பாடம் ஒப்பிக்கிற மாதிரி சொன்னேன். அது வடமொழிச் சொல், அசையாதது, நிலைத்தது என்று பொருள். வானத்தில் மற்ற நட்சத்திரங்களெல்லாம் சுற்றிவர, நின்ற இடத்தில் நிற்கிற ஒன்றுக்கு அதனால்தான் அந்தப் பேர். திசை தெரியாத கடலில் போகிறவர்கள் அதைப் பார்த்து வழி கண்டுபிடிப்பார்கள். அந்த நட்சத்திரம் முதலில் ஓர் அஞ்சு வயசுச் சின்னப் பையனாக இருந்தது என்று புராணம் சொல்கிறது. ராஜாவுக்கு இரண்டு மனைவிகள். மூத்தவள் பையன் அப்பா மடியில் ஏறப் போகிறான். இளையவள், என் வயிற்றில் பிறக்காத உனக்கு இந்த மடியில் இடமில்லை என்று தள்ளிவிடுகிறாள். பையன் அழுதுகொண்டு தன் அம்மாவிடம் போகிறான். கேட்பதைக் கடவுளிடம் கேள் என்கிறாள் அவள். அவன் காட்டுக்குப் போய்த் தவம் செய்து, யாரும் தள்ள முடியாத இடத்தைக் கேட்டு வாங்குகிறான்.

நான் ஒன்றையும் மறைக்கவில்லை. சக்களத்தி வருகிற கதை, பரவாயில்லையா என்றுகூடக் கேட்டேன். நீ அதைக் காதில் வாங்கவே இல்லை. உனக்கு வேறொன்று உறுத்தியது.

"அஞ்சு வயசுப் பையனைத் தனியாவா காட்டுக்கு அனுப்புனா? நானா இருந்தா கூடவே போயிருப்பேன்."

பிறகு அந்தப் பேரை மெதுவாக ஒருமுறை சொல்லிப் பார்த்தாய். எருமை தலையைத் தூக்கிப் பார்த்தது. இது கூப்பிட்டால் திரும்புகிற பேர்தான் என்று முடிவு செய்துவிட்டாய்.

பேர் வைத்த அன்று நடந்தது நினைத்தால் இன்னும் சிரிப்பு வருகிறது. பரமத்தி வேலூரிலிருந்து உன் மாமியார் அரைஞாண் கயிறும் சர்க்கரையுமாக வந்து இறங்கினார். குழந்தையை மடியில் வைத்துக்கொண்டார். காதில் பேர் சொல்லவேண்டும். அவரால் சொல்ல முடியாது, உன்னாலும் முடியாது. உன் வீட்டுக்காரர் மாமாவோ பந்தல்காரரோடு பேசப் போய்விட்டார். பேர் சொல்ல ஓர் ஆம்பளை வேண்டுமென்று ஆளாளுக்குத் தேட, குழந்தை அதற்குள் தூங்கிவிட்டான். கடைசியில் மாமா வந்து, தூங்குகிற காதில் தன் அப்பா பேரைச் சொன்னார். உன் மாமியார் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அந்த நிமிஷத்திலிருந்து குழந்தைக்கு மரியாதை கொடுக்க ஆரம்பித்தார். "பால் குடிச்சீங்களா சாமி? தூக்கம் வருதுங்களா?" புருஷன் பேரைச் சுமக்கிறவனை எப்படி வாடா போடா என்பது?

நீ துருவா என்று கூப்பிட்டதை அன்று மத்தியானமே அவர் கேட்டுவிட்டார். துருவனா, தேங்காய் துருவுகிற மாதிரியல்லவா இருக்கிறதென்று முதலில் கேலி செய்தார். கதையை அவரும் எங்கோ கோயிலில் கேட்டிருந்தார் போல. கொஞ்ச நேரம் கழித்து உன் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"கதையிருக்கற பேரு ஆகாது கண்ணு. பேரு முன்னால வந்தா கதை பொறகாலயே வரும்."

நீ "சரீங்க அத்தை" என்றாய். உன் 'சரீங்க'வின் அர்த்தம் எனக்குத் தெரியும். மறுபடியும் துருவா என்றுதான் கூப்பிட்டாய்.

அதற்கப்புறம் நீ இருந்த காலம் குறைவு. அவன் ஓடத் தொடங்கியிருந்தான். ஐப்பசி மழையில் உனக்குக் காமாலை கண்டது. முதலில் கைவைத்தியம், பிறகு நாமக்கல், பிறகு சேலம். ஆஸ்பத்திரியில் உன்னைப் பார்க்க வந்தபோது கண்ணெல்லாம் மஞ்சளாக இருந்தது. என் பரீட்சையைப் பற்றிக் கேட்டாய். அதைத் தவிர வேறு எதையும் இங்கே எழுத எனக்குத் தெம்பில்லை.

காரியம் முடிந்த அன்று உன் மாமியார் எல்லார் முன்னாலும் அழுதுகொண்டே சொன்னார். நான் அன்றைக்கே சொன்னேன், கேட்டாளா, இனிமேல் அந்தப் பேர் இந்த வீட்டில் யார் வாயிலும் வரக்கூடாது என்று. அவர் கெட்டவரில்லை அக்கா. உன்னைப் பறிகொடுத்ததற்கு யாரையாவது குற்றம் சொல்லவேண்டியிருந்தது. கையில் கிடைத்தது அந்தப் பேர்தான். நான் வாயைத் திறந்து, காமாலைக்கும் பேருக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கப் போனேன். அப்பா என் கையைப் பிடித்து அழுத்தினார்.

பேர் போனதும் பையனுக்குக் கூப்பிடப் பேரே இல்லாமல் போயிற்று. மாமா விடியுமுன்னே கொடிக்காலுக்குப் போய்விடுவார். அந்த வீட்டில் அவர் மட்டும்தான் நாச்சிமுத்து என்று கூப்பிடக்கூடியவர். அதுவும் பெற்ற அப்பாவின் பேர் என்பதால் தயங்கித் தயங்கித்தான். உன் மாமியார் சாமி என்பார். நம் பக்கத்தில் யார்தான் சாமி இல்லை? பால்காரர் சாமி, பக்கத்து வீட்டுப் பாப்பா சாமி, பிச்சை கேட்டு வருகிறவரும் சாமி. அந்தச் சத்தம் தனக்குத்தான் என்று அவனுக்கு எப்படித் தெரியும்? லீவுக்குப் போகும்போதெல்லாம் பார்ப்பேன். யார் கூப்பிட்டாலும் திரும்பாமல் தன்பாட்டுக்கு மண்ணைக் கிளறிக்கொண்டிருப்பான். நீ இல்லாமல் போனதைவிட, நீ கூப்பிட்டதும் இல்லாமல் போகிறதே என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அடுத்த வருஷம் மாமாவுக்கு மறுகல்யாணம் பேசினார்கள். பிள்ளையைப் பார்த்துக்கொள்ள என்னையே கட்டிவைக்கலாம் என்றும் ஒரு பேச்சு வந்தது. அவள் படிக்கட்டும் என்று அப்பா ஒரே வார்த்தையில் முடித்துவிட்டார். மல்லசமுத்திரத்திலிருந்து ஒருவர் மாமாவுக்கு இரண்டாம் தாரமாக வந்தார். கல்யாணத்துக்கு நம் வீட்டிலிருந்து எல்லாரும் போனோம். நான் அவர் முகத்தை நிமிர்ந்து பார்க்கவில்லை.

இந்தக் கோடையில் பையனைப் பார்க்க வேலூர் போயிருந்தேன். கொடிக்கால் ஓரத்துக் கொட்டகையில் உன் மாமியாரும் மல்லசமுத்திரத்திலிருந்து வந்தவரும் வெற்றிலையை நூறு நூறாக எண்ணிக் கவுளி கவுளியாக அடுக்கிக்கொண்டிருந்தார்கள். பையன் வாய்க்கால் கரையோடு நடந்து ரோட்டுப் பக்கம் போய்க்கொண்டிருந்தான். கரூர் பஸ் போகிற ரோடு. புதிதாக வந்தவர் பார்த்துவிட்டு, "சாமி, அங்க போகாதீங்க சாமி" என்று கூப்பிட்டார். அந்தப் பக்கம் சைக்கிளில் போன ஒருவர் காலை ஊன்றித் திரும்பிப் பார்த்தார். வெற்றிலை கிள்ளிக்கொண்டிருந்த ஆள் என்னங்க என்று கேட்டார். அவன் மட்டும் போய்க்கொண்டே இருந்தான். இலையைப் போட்டுவிட்டு, கூப்பிட்டவர் எழுந்து ஓட, நான் என்னையறியாமல் கத்திவிட்டேன்.

"துருவா."

அவன் நின்றான். திரும்பிப் பார்த்தான்.

அவர் போய்த் தூக்கிக்கொண்டு வந்தார். உன் மாமியார் முகம் இறுகிப்போயிருந்தது. பையனைத் தூக்கி வந்தவர், மூச்சு வாங்கிக்கொண்டே, என்னிடம் கேட்டார்.

"அதென்ன பேரு அம்முணி?"

அவனுடைய அம்மா கூப்பிடுகிற பேர் என்றேன். அர்த்தம் கேட்டார். அசையாத நட்சத்திரம் என்று சொல்லி நிறுத்திக்கொண்டேன். அதற்கு மேல் எப்படிச் சொல்வது? அந்தக் கதையில் அவருக்கும் ஓர் இடமிருக்கிறதே.

"ஏன் நிறுத்திட்டே?" என்றார் உன் மாமியார். "கதையையும் சொல்லு. முழுசாச் சொல்லு."

சொன்னேன். ராஜா, இரண்டு மனைவிகள், மடி, எல்லாம். இளையவள் பையனைத் தள்ளிவிடுகிற இடம் வந்தபோது என் குரல் எனக்கே கேட்கவில்லை. மல்லசமுத்திரத்திலிருந்து வந்தவர் இலை அடுக்குவதை நிறுத்தவில்லை. பையன் அவர் மடியில் உட்கார்ந்து ஒரு வெற்றிலைக் காம்பைக் கடித்துக்கொண்டிருந்தான். கதை முடிந்ததும் அவர் என்னைப் பார்க்காமல் உன் மாமியாரைப் பார்த்துச் சொன்னார்.

"அந்தம்மா தள்ளுனாங்கன்னா அது அவிங்க கொணமுங்க அத்தை. நான் எதுக்கு இவனைத் தள்ளறேன்? ஆனா கூப்புடறதுக்கு ஒரு பேரு வேணுமுங்க. மாமனாரு பேரை நீங்களும் சொல்ல முடியாது, நானும் சொல்ல முடியாது. ஊட்டுல இருக்கற ரெண்டு பொம்பளையும் பேரில்லாம எப்படிப் புள்ளைய வளக்கறது? இன்னைக்கு ரோட்டுக்கே போயிட்டானுங்க. பெத்தவ வெச்ச பேரு இருக்கையில நான் எங்க போயிப் புதுசாத் தேடறது?"

உன் மாமியார் எழுந்து வாய்க்காலில் கை கழுவப் போனார். வெகுநேரம் கழுவினார்.

மறுநாள் காலை நான் ஊருக்குக் கிளம்பினேன். பையன் கன்றுக்குட்டியின் காதைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தான். உள்ளேயிருந்து உன் மாமியார் வெளியே வந்து பார்த்தார். என்னைப் பார்த்தார், அவனைப் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"டேய் துருவா, அதை உடுடா. உங்க சித்தி போறா பாரு, வாடா இங்க."

அக்கா, பிறந்த நாளிலிருந்து அவனை அவர் 'டா' போட்டுக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. புருஷன் பேர் மட்டுமே அவன் மேல் இருந்தவரை அவருக்கு அந்தச் சுதந்திரமும் இருக்கவில்லை. உள்ளே அடுப்படியில் மல்லசமுத்திரத்து அக்கா சிரிக்கிற சத்தம் கேட்டது. பையன் கன்றை விட்டுவிட்டு ஓடிவந்து பாட்டியின் முழங்காலைக் கட்டிக்கொண்டான். அவர் அவன் தலையில் லேசாக ஒரு தட்டுத் தட்டினார்.

இப்போது அந்த வீட்டில் நாளெல்லாம் அந்தப் பேர் கேட்கிறதாம். மாமா சொன்னார். பாட்டி வெடுக்கென்று கூப்பிடுவார். அந்த அக்கா அவசரமாக, பாதியை விழுங்கிவிட்டுக் கூப்பிடுவார். அவன் இரண்டுக்கும் திரும்புகிறான். நீ கூப்பிடுவது வேறு மாதிரி. நடுவில் ஒரு சின்ன இழுப்பு இருக்கும், கொடிக்காலின் அந்தக் கோடி வரைக்கும் போய்ச் சேருகிற இழுப்பு. அது இப்போது என்னிடம் மட்டும்தான் இருக்கிறது. வேலூர் போகும்போதெல்லாம் ஒரே ஒருமுறை அப்படிக் கூப்பிடுவேன். அவன் உடனே திரும்பமாட்டான். கையில் இருப்பதை வைத்துவிட்டு, ஒரு கணம் அப்படியே நிற்பான். பிறகுதான் திரும்புவான்.