ரங்கெல் மன்னிப்புக் கேட்க வந்த ஞாயிறு

த்ரோயன்,
திங்கட்கிழமை, 11 மார்ச் 2019

அன்பு மகள் பிலியானாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நான் உயிரோடும் ஓரளவு உடல்நலத்தோடும் இருக்கிறேன், நீ அங்கே டப்ளினில் அதைவிட நன்றாக இருப்பாய் என்று நம்புகிறேன், இல்லையென்றால் மறைக்காமல் எழுது. என் முழங்கால் வலி அப்படியேதான் இருக்கிறது. கூரையிலிருந்த பனி போன வாரம் சரிந்து இறங்கியது, போகும்போது மேற்குப் பக்கத்தில் நான்கு ஓடுகளையும் கூட்டிக்கொண்டு போய்விட்டது. நீ அனுப்பிய கம்பளிச் சட்டை வந்து சேர்ந்தது, அளவு சரி, நிறம் என் வயதுக்கு ஏற்றதல்ல, ஆனாலும் அதைப் போட்டுக்கொண்டுதான் எழுதுகிறேன். அதற்குள் சுற்றி வைத்திருந்த புத்தகமும் கிடைத்தது. மருத்துவமனையில் உங்களுக்கு நடத்தும் பயிற்சிக்கான புத்தகம் என்று எழுதியிருந்தாய். நோயாளியின் வீட்டாரிடம் ஒத்துணர்வோடு பேச வேண்டும், அவர்கள் இடத்தில் நம்மை வைத்துப் பார்க்க வேண்டும் என்று பக்கத்துக்குப் பக்கம் இருக்கிறது. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கடைசிவரை படித்தேன். நோயாளிக்கு இது பயன்படுமோ இல்லையோ, சீட்டாடுகிறவனுக்கு நிச்சயம் பயன்படும். எதிரில் இருப்பவன் மனத்துக்குள் புகுந்து பார்க்கத் தெரியாதவன் நல்ல ஏமாற்றுக்காரனாக முடியாது. ஒருவனுக்கு எங்கே வலிக்கிறது என்று தெரிந்துகொண்டால் அங்கே தடவிக் கொடுக்கலாம், அழுத்தவும் செய்யலாம். இரண்டுக்கும் தேவையான அறிவு ஒன்றுதான். அதைப் பற்றி உன் புத்தகத்தில் ஒரு வரிகூட இல்லை.

புத்தகத்தோடு நீ வைத்திருந்த துண்டுக் காகிதத்தையும் படித்தேன். ரங்கெல் மாமா இந்த வருஷம் வந்தா கதவத் திறங்கப்பா, ஒரே ஒரு தடவ அவர் இடத்துல இருந்து யோசிச்சுப் பாருங்க என்று எழுதியிருக்கிறாய். நான்கு வருடமாக வராத மனிதன் இந்த வருடம் வருவான் என்று கடலுக்கு அப்பால் இருக்கும் உனக்கு எப்படித் தெரிந்தது? இந்தக் கேள்விக்கு எனக்கு நேரான பதில் வேண்டும்.

ரங்கெல் எனக்குச் செய்ததில் பாதிதான் உனக்குத் தெரியும், அப்போது நீ இங்கே இல்லை. உன் அம்மா வெசெலா படுக்கையில் கிடந்த அந்த அக்டோபரில், ஒருநாள் ஆசிரியர் அறையில் அவனும் நானும் மட்டும் இருந்தோம். நேத்து ஒரே கணக்க ரெண்டு தடவ போட்டேன்டா, பசங்க சொன்னப்புறம்தான் தெரிஞ்சுது என்று சொன்னேன். வேறு யாரிடமும் சொல்லியிருக்க மாட்டேன். அவன் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான், என்னைவிட அதிகமாக அழுதான். மூன்றாம் நாள் தலைமை ஆசிரியை காலுதோவா கூப்பிட்டு அனுப்பினாள். உங்கள நெனச்சா எங்களுக்கெல்லாம் நெஞ்சு அடைச்சுக்குது மெத்தோதி சார், உங்க பாரத்த நாங்கதான் இறக்கி வைக்கணும், திங்கக்கிழமையிலேருந்து பதினொண்ணு, பன்னெண்டு ரெண்டு வகுப்பையும் ரங்கெல் சார் பாத்துக்கறேன்னுட்டார் என்றாள். எனக்கு ஐந்தாம் வகுப்பின் பின்னக் கணக்கை விட்டுவைத்தார்கள். பிலியானா, அந்த மேல் வகுப்புகளின் நான்கு மணி நேரம்தான் அன்றைக்கெல்லாம் நான் மூச்சு விட்ட நேரம். வீட்டில் மருந்து வாடை, பள்ளி வராந்தாவில் அனுதாபம், பலகை முன்னால் நின்றால் மட்டும்தான் நான் நானாக இருந்தேன். அதையும் எனக்காக வருத்தப்பட்டே வாங்கிக்கொண்டார்கள். ஒருவர்கூட என்னிடம் கேட்கவில்லை. சண்டை போட்டுப் பிடுங்கியிருந்தால் திருப்பிச் சண்டை போட்டிருப்பேன். கண்ணில் நீரோடு பிடுங்குகிறவனிடம் என்ன செய்வது? ஜனவரியில் வேலையை விட்டேன், அன்றிலிருந்து சமையலறை மேஜையில் ஊர்ப் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்துக்கொண்டு கிடக்கிறேன். அவன் செய்தது இரக்கத்தாலா, மேல் வகுப்பு ஆசையாலா என்று இத்தனை வருடம் யோசித்தும் தெரியவில்லை.

அவன் என்னைவிட ஏழு வாரம் இளையவன். அதனால் இருபது வருடமாக, நோன்புக்கு முந்தைய மன்னிப்பு ஞாயிறன்று அவன்தான் என் வீட்டுக்கு வருவான். நானும் பெரியவனாக நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பேன், மன்னிச்சுடு அண்ணே என்று என் கையை முத்தமிட்டுவிட்டு, ஏழு வாரத்துக்கு இவ்வளவு மரியாதை போதுமா என்று கேட்பான், உன் அம்மா சிரிப்பாள். அந்த ஜனவரிக்குப் பிறகு அவன் வரவில்லை. பெரியவன் போய்க் கேட்பது வழக்கமில்லை, நானும் போகவில்லை. ஆனாலும் ஒவ்வொரு வருடமும் அன்றைக்கு வெள்ளை அல்வா வாங்கி வைத்தேன். யாருக்கு என்று கேட்காதே.

போன புதன்கிழமை காலுதோவா கையில் ஒரு கேக் பெட்டியோடு வந்தாள். அவள் கேக் கொண்டுவந்தால் எதையோ வாங்கிப் போக வந்திருக்கிறாள் என்று அர்த்தம். ரங்கெலின் மனைவி ஜின்காவுக்குப் பக்கவாதம் வந்ததை இலையுதிர் காலத்திலேயே உனக்கு எழுதியிருந்தேன், இடது பக்கம் இன்னும் அசையவில்லை. காலுதோவா, நீ வந்தால் உட்காருவாயே அந்த நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, ரங்கெல் சாரை நெனச்சா எங்களுக்கெல்லாம் நெஞ்சு அடைச்சுக்குது சார், அவர் பாரத்த நாமதான் இறக்கி வைக்கணும், பதினொண்ணையும் பன்னெண்டையும் நீங்க திரும்ப எடுத்துக்கணும் என்றாள். ஆள் மாறியதைத் தவிர ஒரு சொல் மாறவில்லை. நான்கு வருடம் பீரோவில் மடித்து வைத்திருந்த துணியை எடுத்து உதறியதுபோல அதே வாக்கியம். என் மனம் குளிர்ந்தது, அதை உன்னிடம் மறைக்க மாட்டேன். வெள்ளிக்கிழமை சொல்கிறேன் என்று அனுப்பிவிட்டு, அந்தக் கேக்கை முழுவதும் நானே தின்றேன்.

வியாழக்கிழமை உன் புத்தகம் என்னைப் பிடித்துக்கொண்டது. சரி, மகள் சொல்கிறாளே என்று ரங்கெல் இடத்தில் என்னை வைத்துப் பார்த்தேன். வீட்டில் ஜின்கா, மருந்து வாடை, பள்ளியில் பலகை, நான்கு மணி நேரம் மூச்சு. அதையும் பிடுங்க வருகிறார்கள், அவனுக்குத் தெரியாமல், நானே கையாளாக. வெள்ளிக்கிழமை காலுதோவாவுக்குப் போன் செய்து, பதிலைத் திங்கட்கிழமை எழுத்தில் தருகிறேன் என்றேன். சனிக்கிழமை உட்கார்ந்து மூன்று தடவை அடித்துத் திருத்தி ஒரு கடிதம் எழுதினேன். ரங்கெலின் வகுப்புகளைத் தொடாதீர்கள், துன்பத்தில் இருக்கும் ஆசிரியனுக்கு வகுப்பறைதான் கடைசி அடைக்கலம், எனக்குச் செய்ததை இன்னொருவனுக்குச் செய்ய நான் துணைபோக மாட்டேன் என்றெல்லாம் நன்றாகவே வந்திருந்தது. உண்மையைச் சொன்னால், எழுதி முடித்ததும் நான் எவ்வளவு பெரிய மனிதன் என்று எனக்கே தோன்றியது. உறையிலிட்டுக் கோட்டுப் பையில் வைத்தேன்.

ஞாயிறு மதியம் மூன்று மணிக்குக் கதவு தட்டும் சத்தம். ஜன்னல் திரையை விலக்கிப் பார்த்தால் ரங்கெல், கையில் அல்வாப் பொட்டலம். நான்கு வருடம் வராதவன், வகுப்பு பறிபோகும் வாரத்தில் வருகிறான். மன்னிப்புக் கேட்கவா வருகிறான், வகுப்பைக் கேட்க வருகிறான் என்று முடிவு கட்டினேன். வரட்டும், கெஞ்சட்டும், கெஞ்சி முடித்ததும் உறையை எடுத்து முன்னால் வைத்து அவனை வெட்கப்பட வைக்கலாம் என்று நினைத்துத்தான் கதவைத் திறந்தேன், நீ சொன்னதற்காக இல்லை. உள்ளே வந்தான், ஆள் பாதியாகிவிட்டான், சட்டைக் காலர் கழுத்தைச் சுற்றித் தனியாக நின்றது. என்ன, ஏழு வாரத்துத் தம்பிக்கு நாலு வருஷம் கழிச்சு வழி தெரிஞ்சுதாக்கும் என்றேன். வழி தெரியும் அண்ணே, மூஞ்சிதான் இல்ல என்றான். உட்கார்ந்தான். பிளம் சாராயம் ஊற்றினேன், தொடவில்லை, ஜின்காவைத் தூக்க வேண்டும், கை நடுங்கக் கூடாது என்றான். நான் காத்திருந்தேன், அவன் வகுப்பைப் பற்றி எதுவும் பேசவில்லை. எனக்குப் பொறுக்கவில்லை. நேராகவே கேட்டேன், உனக்கு என்னடா வேணும், வகுப்ப வெச்சுக்கணுமா, விடணுமா?

பிலியானா, அவன் என்னை நிமிர்ந்து பார்த்த பார்வையை என்னால் எழுத முடியவில்லை. விடணும் என்றான். காலையில எட்டுக்கு அவள உள்ள வெச்சுப் பூட்டிட்டு வரேன், மதியானம்தான் திறக்கறேன், பக்கத்து வீட்டம்மா நடுவுல ஒரு தடவ ஜன்னல் வழியா எட்டிப் பாக்கறா, போன வாரம் திறந்தா கட்டிலுக்குக் கீழ கெடந்தா, எவ்வளவு நேரமா கெடந்தாளோ, எங்கிட்ட சொல்ல அவளுக்கு வாய் வரல. பலகை முன்னாடி நின்னா கணக்கு தெரியல அண்ணே, தரைதான் தெரியுது. நான்தான் போய் காலுதோவாகிட்ட சொன்னேன், மெத்தோதியக் கூப்பிடுங்கன்னு. எம்பேர மட்டும் சொல்லாதீங்க, சொன்னா வீம்புக்கே வேண்டாம்பான்னும் நான்தான் சொன்னேன்.

கோட்டுப் பையிலிருந்து உறையை எடுத்து அவனிடம் கொடுத்தேன். மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு, பரீட்சைத் தாளைப் படிப்பதுபோல மெதுவாகப் படித்தான். படித்துவிட்டுச் சிரித்தான், இருமல் வரும்வரை சிரித்தான், பிறகு கண்ணைத் துடைத்தான். அடப்பாவி, இத மட்டும் நாளைக்கு நீ குடுத்திருந்தா அந்தப் பொம்பள அழுதிருப்பா, எனக்கு ரெண்டு வகுப்புக்கு மூணா குடுத்திருப்பா, ஜின்கா அப்படியே தரையிலயே கெடந்திருப்பா என்றான். பிறகு குரல் இறங்கிவிட்டது. அன்னைக்கு நானும் இதத்தானே பண்ணினேன். ஜின்காவுக்கு இப்படி வந்திருந்தா நான் என்ன கேட்டிருப்பேன், வீட்டுக்குப் போக விடுங்கடான்னுதானே கேட்டிருப்பேன், அதான் உனக்கும் வேணும்னு நெனச்சேன். இப்ப வந்திருக்கு, அதத்தான் கேக்கறேன். உன்னோட எடத்துல நான் நிக்கல அண்ணே, என்னோட எடத்துல உன்ன நிக்க வெச்சேன் என்றான்.

இதைச் சொல்லிவிட்டு எழுந்து வந்து குனிந்து என் கையை முத்தமிட்டான், மன்னிச்சுடு அண்ணே என்றான். அவன் கொண்டுவந்த அல்வாவைப் பிரித்து வெட்டி ஒரு துண்டை அவன் பக்கம் தள்ளினேன். போதும் அண்ணே, எனக்குப் புரிஞ்சுது என்றான். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. உனக்கு என்ன புரிஞ்சுது, நான் இன்னும் சொல்லல, மறுபடியும் நீயே என் மனசுல இருக்கறத முடிவு பண்ணாத என்றேன். அவன் மறுபடி உட்கார்ந்தான். சரி, சொல்லு, காத்திருக்கேன் என்றான். அடுப்பில் விறகு ஒருமுறை இடிந்து விழுந்தது. அப்புறம் சொன்னேன். மன்னிச்சாச்சு, நீயும் மன்னிச்சுக்கோ என்று, முழு வாக்கியத்தையும் சொன்னேன். மேல் வகுப்பு ஆசையும் அன்றைக்கு அவனுக்குக் கொஞ்சம் இருந்திருக்கும் என்கிற என் சந்தேகம் மூன்றில் ஒரு பங்கு இன்னும் பாக்கி இருக்கிறது, அதை நான் விடுவதாக இல்லை என்றும் சொன்னேன், வெச்சுக்கோ, உனக்குன்னு ஏதாவது வேணுமே என்று அவனும் ஒப்புக்கொண்டான். இன்று காலை பள்ளிக்குப் போய் உறையைக் கொடுக்காமல் வாயாலேயே சரி என்று சொல்லிவிட்டு வந்தேன். நாளை முதல் வகுப்பு, மடக்கையிலிருந்து தொடங்குகிறேன், சுண்ணாம்புத் தூள் படும் என்பதால் உன் சட்டையைப் போட்டுக்கொண்டு போகப்போவதில்லை.

அவன் இருந்தபோது போன் மூன்று தடவை அடித்தது, நீதான் என்று தெரியும், வருடா வருடம் அந்த ஞாயிறு நீ என்னிடம் மன்னிப்புக் கேட்கக் கூப்பிடுவாய். நான் எடுக்கவில்லை. அவன் போன பிறகும் உன்னைக் கூப்பிடவில்லை, அதனால்தான் எழுதுகிறேன். மன்னிப்புக் கேட்கிற முறை உன்னுடையதுதான், ஆனால் பெரியவர்களும் கேட்கலாம். அந்த நவம்பரைப் பற்றி ஒரே ஒரு தடவை என்னிடம் கேட்டாய், அம்மா இருக்கப்போறதில்லன்னு மூணு வாரம் முன்னாடியே டாக்டர் சொல்லியும் எனக்கு ஏன் சொல்லலப்பா என்று. உன் மனசு எனக்குத் தெரியும், பரீட்சை நேரத்தில் நீ தாங்க மாட்டாய், அதனால்தான் சொல்லவில்லை என்றேன், அதற்குப் பிறகு நீ கேட்கவே இல்லை. நீ விமானத்திலிருந்து இறங்கி வந்தபோது வெசெலா சவப்பெட்டியில் இருந்தாள். இத்தனை வருடம் அதை நான் அப்பாவின் பரிவு என்றே நினைத்துக்கொண்டிருந்தேன். அந்த இடத்தில் நின்றது நீ இல்லை, நான்தான், தாங்காதவனும் நான்தான். பரீட்சையா, அம்மாவா என்று உன்னைக் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. மன்னித்துக்கொள் மகளே. எனக்கு ஆறுதலாக இருக்கும் என்று நினைத்து உடனே பதில் சொல்லாதே, எத்தனை நாள் ஆனாலும் சரி, மன்னிக்க முடியாவிட்டால் முடியாது என்றே எழுது, படித்துக்கொள்வேன்.

நீ நலமாக இரு, உன் கைக்கு வருகிற நோயாளிகள் எழுந்து நடக்கட்டும், உன் வீட்டில் ரொட்டியும் சிரிப்பும் குறையாமல் இருக்கட்டும். மார்ச் முதல் தேதிக்கே வந்திருக்க வேண்டிய சிவப்பு வெள்ளை நூலை இந்த உறையில் வைத்திருக்கிறேன், தாமதம் என் தப்பு, கையில் கட்டிக்கொள், அவிழ்க்கும் நாளைச் சொல்ல அங்கே நாரை வருமோ வராதோ, ஏதாவது பூத்த மரத்தைப் பார்த்தால் அவிழ்த்து அதில் கட்டு. ரங்கெலுக்கு நீ கடிதம் எழுதினாயா இல்லையா என்பதற்கு மட்டும் மறக்காமல் பதில் போடு.

உன் அப்பா,
மெத்தோதி