அப்பா துணி காயப்போட்ட திங்கட்கிழமை

ஷெஃபீல்டு,
11 அக்டோபர் 1981

அன்பு மகள் மாரீனுக்கு அம்மா எழுதுவது. எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. அடிலெய்டில் நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் நோய்நொடி இல்லாமல் இருந்தால் அதுவே போதும்.

அப்பாவின் உருக்காலையை மூடி ஏழு மாதமாகிறது, உனக்குத் தெரியும். நான் பள்ளிக்கூடச் சமையலறை வேலைக்குப் போனதும் வீட்டு வேலையை யாரும் சொல்லாமலே அவர் எடுத்துக்கொண்டார். உருளைக்கிழங்குத் தோலை என்னைவிட மெல்லிசாகச் சீவுவார். துணியை மட்டும் வெளியே கொண்டுபோக மாட்டார், சமையலறையில் திரையை இழுத்துவிட்டு அங்கேயே காயப்போடுவார். போன மாதம் ஒரு திங்கட்கிழமை நல்ல வெயில். வீடெல்லாம் ஈர வாடை அடிக்கிறது, வெளிக் கொடியில் போட்டால் கை ஒடிந்துவிடுமா என்று நான்தான் அதட்டிவிட்டுப் போனேன். வேலை முடிந்து சந்துக்குள் நுழைகிறேன், அவர் என் உள்பாவாடையைக் கொடியில் மாட்டிக்கொண்டிருக்கிறார், பக்கத்து வீட்டு ஹில்டாவும் இன்னும் இரண்டு பெண்களும் மதிலோரம் நிற்கிறார்கள். "என்ன ரெஜ், போட்டுப் பாத்தியா, இடுப்பு சரியா இருக்கா?" என்றாள் ஹில்டா. எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவிட்டேன், மாரீன். அவர் கூடையில் மிச்சமிருந்ததைக் கடைசிக் காலுறைவரை நிதானமாக மாட்டிவிட்டுத்தான் உள்ளே வந்தார்.

அதோடு பேச்சு நின்றது. மூன்றாம் நாள் மன்னிப்புக் கேட்டேன். "அவ கிடக்கிறா, ஐவி. நீ முதல்ல என் முகத்தப் பாத்த. பாத்துட்டுத்தான் சிரிச்ச" என்றார். இருபத்தெட்டு வருஷம் உங்க துணிய நான் துவச்சேனே, ஒருத்தராவது நின்னு வேடிக்கை பார்த்தாங்களா என்று எனக்கும் வாய்வரை வந்தது. கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். போன சனிக்கிழமை பெட்டியோடு கிரிம்ஸ்பிக்கு, உன் சித்தப்பா சிரில் வீட்டுக்குப் போய்விட்டார். கொஞ்ச நாளைக்கு என்றுதான் சொன்னார், ஆனால் குளிர் தொடங்குகிற இந்த நேரத்தில் கோடைச் சட்டைகளையும் எடுத்துப் போயிருக்கிறார். ஹில்டா நேற்று கேக் கொண்டுவந்து கதவைத் தட்டினாள், நான் திறக்கவில்லை.

வீட்டுக்குத் திரும்பச் சொல்லி நீ அவருக்கு எழுதாதே, யாரோ சொல்லி வருகிற மனுஷன் எனக்கு வேண்டாம். குழந்தையை அந்த வெயிலில் தொப்பி இல்லாமல் விடாதே. நீங்கள் மூன்று பேரும் ஒருவருக்கொருவர் முகம் கோணாமல் நன்றாக இருங்கள். குழந்தையைப் படம் எடுத்தால் மறக்காமல் இரண்டு பிரதி போடு, ஒன்றை சிரில் விலாசத்துக்கு அனுப்பு. இனிமேல் உனக்கு எல்லாமே இரண்டு தபால்தான்.

உன் அம்மா,
ஐவி