முன்வரிசையில் ஒரு ஆதி தாளம்

என் ஆசை மச்சான் நாதனுக்கு,

நீ இருக்கும் இடத்தில் காது நன்றாகக் கேட்கிறதா? உயிரோடு இருந்தபோது இப்படிக் கேட்டிருந்தால் கிட்டாரைத் தூக்கி என் தலையில் போட்டிருப்பாய். இப்போது துணிந்து கேட்கிறேன்.

இங்கே ஒக்லாந்தில், பக்குரங்காவில், மழை விட்டபாடில்லை. உன் தங்கச்சி ரஞ்சி காலையில் உன் படத்துக்குப் பூ வைக்கிறாள், பிறகு அந்தப் படத்தோடேயே சண்டை பிடிக்கிறாள். வரும் சனிக்கிழமை மவுண்ட் வெல்லிங்டனில் ஒரு மண்டபம் எடுத்து உனக்கு நினைவுக்கூட்டம் வைக்கிறோம். என்னைப் பேசச் சொல்லியிருக்கிறார்கள். "காது கேளாமலே வாசிச்ச மனிசன் எண்டு சொல்லுங்கோ மாஸ்டர், சனம் அழும்" என்றார் ஒழுங்கு செய்பவர். அதிலிருந்து எனக்கு மனம் ஒரு நிலையில் இல்லை. உன்னைப் பார்த்துச் சனம் அழுவதை நீ விரும்புவாயா?

உன்னைத் தெரியாதவர்களும் இதை வாசிப்பார்கள் என்பதால் கொஞ்சம் சொல்கிறேன், பொறுத்துக்கொள். யாழ்ப்பாணத்திலிருந்து பள்ளிக்கூடப் பெடியனாக லண்டனுக்குப் போனவன் நீ. அங்கே வெள்ளைக்காரப் பெடியன்களோடு சேர்ந்து ஒரு ரொக் குழுவில் கிட்டார் எடுத்தாய். முதலில் மதுச்சாலைகள், பிறகு பழைய வான் வண்டி ஒன்றில் ஊர் ஊராக, பிறகு பெரிய அரங்குகள். குழு உடைந்தபின் மற்றவர்களின் இசைத்தட்டுகளுக்கு வாசித்தாய். அட்டையில் உன் பெயர் வராது. மாமா கடைசிவரை "மகன் லண்டனில எஞ்சினியர்" என்றே எல்லோருக்கும் சொல்லிக்கொண்டிருந்தார்.

தலை நரைத்தபின் குழு மறுபடி சேர்ந்தது. கடைசிச் சுற்று என்று சொல்லி உலகம் சுற்றப் புறப்பட்டீர்கள். முடிவுக் கச்சேரி லண்டனில், நீங்கள் தொடங்கிய அதே இடத்தில். அதற்குமுன் ஒக்லாந்து. கச்சேரிக்குச் சில நாள் முன்னதாகவே வந்து எங்கள் வீட்டில் தங்கினாய்.

முதல் நாள் மத்தியானம் குசினியில் மைக்ரோவேவ் கூவிக் கூவி அழைத்தது. பக்கத்தில் சாய்ந்துகொண்டு நின்ற நீ திரும்பவே இல்லை. நான் உன்னைப் பார்த்தேன். நான் பார்த்ததை நீ பார்த்தாய். என்னைக் கராஜுக்குக் கூட்டிக்கொண்டு போனாய்.

"மெல்லிய கூர்ச்சத்தமெல்லாம் போயிட்டுது மச்சான். பெரிய ட்ரம் கேக்கும், காலுக்குள்ளால ஏறி வரும். சிம்பல்தான், அந்த வெண்கலத் தட்டுச் சத்தம்தான் இல்லை" என்றாய். உங்கள் குழுவுக்குப் பெயர் வாங்கித் தந்த அந்த மெதுவான பாட்டில் பெரிய ட்ரம் நீண்ட நேரம் ஓய்ந்துவிடும். சிம்பல் மட்டும் தாளம் காட்டும். அதன்மேல் நீ தனியாக வாசித்துக்கொண்டே போய், எல்லோரும் ஒன்றாகத் தாளத்தில் விழும் இடத்தில் நீயும் விழவேண்டும். முந்தின ஊரில் பிந்திவிட்டாய். துணைக்கு வந்த இளம் கிட்டார்காரன் சமாளித்தான். மனேஜர் ஒன்றும் சொல்லவில்லையாம். அதுதான் உனக்குப் பயம். ஒக்லாந்திலும் பிழை விட்டால் லண்டனில் உன் இடத்தில் அவன்தான்.

அவர்களிடம் சொல்லித் துலையேன் என்றேன்.

"சொன்னா விடுவினம். பாவம், கிழவன் வாசிக்கட்டும் எண்டு விடுவினம். அது எனக்கு வேண்டாம். பிழை விட்டா பிழை எண்டு தள்ளட்டும்."

ட்ரம் அடிப்பவன் உனக்குப் பின்னால், உயரத்தில். திரும்பித் திரும்பிப் பார்த்தால் பிடிபட்டுவிடுவாய். முன்னாலே பார்க்க ஒன்று வேண்டும். நம்முடைய கர்நாடகக் கச்சேரிகளில் முன்வரிசையில் இருந்து தொடையில் தாளம் போடுகிறவர்கள் எப்போதும் இருப்பார்கள். அந்த ஆளாக நான் இருந்தால் என்ன? உங்கள் பாட்டு ஆதி தாளத்துக்குள் அழகாக அடங்கியது. நான் தட்ட, நீ என் கையைப் பார்த்து வாசிக்க, முடிந்தது பிரச்சினை.

முடியவில்லை. கராஜில் ட்ரம் ஒலிப்பதிவைப் போட்டுப் பழகினோம். கொஞ்ச நேரத்தில் ட்ரம் ஒரு பக்கம், நாங்கள் இரண்டு பேரும் வேறு பக்கம். பாடகரின் போக்கில் போய்ப் பழகிய கை என்னுடையது. நீ என்னைப் பார்த்தாய், நான் உன்னைப் பின்தொடர்ந்தேன். பரீட்சையில் ஒருவனைப் பார்த்து ஒருவன் எழுதும் இரண்டு பேரின் தாள்களை நான் எத்தனையோ தரம் திருத்தியிருக்கிறேன். விடை அச்சு அசலாக ஒன்றாக இருக்கும், பிழையாகவும் இருக்கும்.

"வாத்தி, நீ என்னை ரசிக்கிறதை நிப்பாட்டு" என்றாய்.

ஆகவே அதுதான் ஒப்பந்தம். கச்சேரியில் நான் உன் பக்கமே திரும்பக்கூடாது. ட்ரம் அடிப்பவனின் மணிக்கட்டை மட்டும் பார்க்கவேண்டும்.

முன்வரிசையில் இருந்தோம், நானும் ரஞ்சியும். முதல் பாட்டுகளுக்குச் சனம் எழுந்து ஆடியது. ஆனாலும் அவரவர் இடத்தில்தான். எனக்கும் மேடைக்கும் நடுவில் வெறும் தரை. எனக்கு நம்பிக்கை வந்தது. நான் போன கச்சேரிகளில் சனம் இடத்தை விட்டுப் போனால் கோப்பி குடிக்கப் போகிறது என்றுதான் அர்த்தம்.

அந்த மெதுவான பாட்டு தொடங்கியதும் பின்னாலிருந்து ஒரு கூட்டம் ஓடிவந்து அந்த வெறும் தரையை நிரப்பியது. எல்லோர் கையிலும் ஃபோன், எல்லாம் தலைக்கு மேலே. எனக்கு மேடை தெரியவில்லை. உனக்கு என் கை தெரிந்திருக்க வழியே இல்லை. உன் கிட்டார் மட்டும் தனியாகப் போய்க்கொண்டிருந்தது. பெரிய ட்ரம் நின்றுவிட்டது.

நாற்காலியில் ஏறினேன். இந்த வயதில். ரஞ்சி இரண்டு காலையும் கட்டிப்பிடித்துக்கொண்டு, "விழுந்தியளெண்டா அண்ணைக்குத் தாளமும் இல்லை, எனக்குப் புருஷனும் இல்லை" என்றாள். காவலுக்கு நின்ற பென்னாம்பெரிய மனிதர் வந்து இறங்கச் சொன்னார். இவர் குழுவின் ஆள் என்று ரஞ்சி ஆங்கிலத்தில் அவரை அதட்டினாள். அவர் யோசித்துக்கொண்டு நிற்க, நான் கையைத் தலைக்கு மேலே உயர்த்தித் தட்டத் தொடங்கினேன். தட்டு, மூன்று விரல், தட்டு, வீச்சு, தட்டு, வீச்சு. கண் அந்த மணிக்கட்டில்.

அப்போதுதான் மோசமானது நடந்தது. பக்கத்தில் நின்றவர்களுக்கு என் கை விளையாட்டாகத் தெரிந்தது. அவர்களும் கையைத் தூக்கி என்னைப்போல் செய்தார்கள். அதைப் பார்த்து அடுத்தவர்கள். பார்த்துச் செய்கிறவன் எப்போதும் கொஞ்சம் பிந்துவான், கரும்பலகையைப் பார்த்து எழுதும் வகுப்பைப்போல. இப்போது உனக்கு முன்னால் எத்தனையோ கைகள், எல்லாம் பிந்திய கைகள். இதில் எதை நீ நம்புவாய்?

ரஞ்சியின் மஞ்சள் சால்வையை இழுத்தேன். கையில் சுற்றிக்கொண்டு இன்னும் உயரமாகத் தட்டினேன். தோள் கழன்றுவிடும்போல் இருந்தது. உன் பக்கம் திரும்பிவிடு என்று கழுத்து கெஞ்சியது. நான் திரும்பவில்லை, மச்சான்.

பெரிய ட்ரம்மின் அடி மறுபடி விழுந்தது. அதே கணத்தில் உன் கிட்டாரின் அடியும் விழுந்தது. ரஞ்சி என் முழங்காலில் முகத்தை வைத்துக்கொண்டாள். காவல்காரர் என்னை ஒரு குழந்தையைப்போல் தூக்கிக் கீழே விட்டார்.

ஒன்று மட்டும் எனக்கு இன்றுவரை தெரியாது. நான் நாற்காலியில் ஏறும்வரை உனக்கு ஒன்றும் இருக்கவில்லையே. சிம்பலும் இல்லை, கையும் இல்லை. அவ்வளவு நேரமும் எதைப் பிடித்துக்கொண்டு போனாய்?

கச்சேரி முடிந்து மேடைக்குப் பின்னால் ட்ரம் அடிப்பவன் நேரே என்னிடம் வந்தான். குற்றவாளியைப் பார்ப்பதுபோல் ஏன் தன் கையையே முறைத்துக்கொண்டு நின்றீர்கள் என்று கேட்டான். மனேஜரும் நின்றார், அந்த இளம் கிட்டார்காரனும் நின்றான். சமாளிக்க ஒரு பொய் என் வாயில் தயாராக இருந்தது. நீ முந்திக்கொண்டாய். சிம்பல் கேட்பதில்லை என்று எல்லோருக்கும் முன்னால் சொன்னாய்.

ட்ரம் அடிப்பவன், அந்தப் பாட்டில் தன் வலது கால் சும்மாதான் இருக்கிறது, பெரிய ட்ரம்மை மெதுவாகத் தொட்டுக்கொண்டிருந்தால் உனக்குப் போதுமே, ஏன் கேட்கவில்லை என்றான். பரிதாபம் வேண்டாம் என்று நினைத்தேன் என்றாய். பரிதாபமா, நீ பிந்தினால் எனக்குக் கோபம்தான் வரும் என்றான் அவன். மனேஜர் நேராகப் பேசினார். காலோடு பழகிப் பார்ப்போம், ஒத்திகையில் பிழை விட்டால் லண்டனில் அந்தப் பாட்டு மற்றவனுக்கு. அந்த நிபந்தனையைக் கேட்டபோதுதான் உன் முகம் மலர்ந்தது. அப்படி ஒரு மலர்ச்சியை நான் உன் கல்யாணத்திலும் பார்க்கவில்லை.

லண்டனில் இருந்து நீ ஃபோன் எடுத்து, "கால் கேட்டது மச்சான்" என்றாய். அடுத்த குளிர்காலத்துக்குள் உன் நெஞ்சு நின்றுவிட்டது.

உன் மகள் ஒக்லாந்துக் கச்சேரியின் வீடியோவை அனுப்பியிருக்கிறாள். நான் இன்னும் திறக்கவில்லை. சனிக்கிழமை மண்டபத்தில் போடப்போகிறோம். சனத்தை அழவைக்கும் பேச்சு என்னிடமிருந்து வராது என்று ஒழுங்கு செய்பவரிடம் நேற்றுச் சொல்லிவிட்டேன். அவருக்குக் கோபம். இருக்கட்டும்.

உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். அன்று கையைக் கட்டிக்கொண்டு உன்னை மட்டும் பார்ப்பேன். நீ பிந்திய இடம் வந்தால் பிந்தினான் என்று சபையில் சொல்வேன். சரியாக விழுந்த இடத்தைச் சரி என்பேன். இரக்கப்பட்டு விடைத்தாளில் ஒரு புள்ளியும் கூட்டிப் போடமாட்டேன்.

உன் தங்கச்சியின் புருஷன்,
உன் மச்சான்,
கணேஷ் வாத்தி
பக்குரங்கா, ஒக்லாந்து