கரண்ட் போனால் சாதகம்

இன்று மத்தியானம் சோமனூரில் கரண்ட் போய்விட்டது, தோழி. தறிகள் ஒன்றன்பின் ஒன்றாக நின்றன. அக்கம்பக்கத்தில் எல்லோரும் தலையில் அடித்துக்கொள்ள, நான் மட்டும் ஓடிப்போய் வயலினை எடுத்தேன். இந்தப் பைத்தியத்தை எனக்குப் பிடிக்க வைத்தவள் நீதானே!

கல்யாண வயதில் பிள்ளைகளை வைத்துக்கொண்டு பாட்டு வகுப்பில் சேர்ந்தவர்கள் நாம். எனக்கு வயலின், உனக்கு மிருதங்கம். உங்கள் தறிக்கூடத்தை ஒட்டிய அறையில்தான் சாதகம். ஒரே கீர்த்தனை, அதிலும் ஒரே வரி.

"இன்னொருக்கா" என்பாய்.

"போதும் புள்ள, விரல் எரியுது."

"எனக்குப் போதலையே!"

அந்த வரியில் தாளம் விழுந்து, ஒரு துளி பொறுத்துத்தான் வயலின் நுழைய வேண்டும். நானோ அவசரக்குடுக்கை, எப்போதும் முந்திக்கொள்வேன். "செத்த பொறு அம்மணி, என்ற அடி உளுகட்டும்" என்று கத்துவாய்.

அன்னூர்க் கோயில் மேடை ஞாபகம் இருக்கிறதா? தறியின் ஓட்டத்தையே தாளமாகப் பிடித்துப் பழகியிருக்கிறோம் என்பது அங்கே போய்த்தான் தெரிந்தது. அந்தச் சத்தம் இல்லாத மேடையில் இரண்டு பேரும் வாசிப்பில் தலைதெறிக்க ஓடினோம். கீழே இறங்கியதும் உன் வீட்டுக்காரர் கேட்டார்: "ஏனுங்க, கடைசி பஸ்ஸு போயிருமுன்னு அவசரமுங்களா?" வயிறு வலிக்கச் சிரித்தோம். மறுநாளே நீ சட்டம் போட்டாய்.

"இனிமேல் கரண்ட் போனாத்தான் சாதகம்."

"போகாட்டி?"

"போகோணும்னு வேண்டிக்கோ."

தறி ஓட்டிப் பிழைக்கும் வீட்டில் இப்படி வேண்டிக்கொண்டவர்கள் நாம் இரண்டு பேராகத்தான் இருப்போம்!

வேகம் அடங்கியது. அந்த ஒரு இடம் மட்டும் எனக்குப் பிடிபடவே இல்லை. ஆஸ்பத்திரிக் கட்டிலிலும் தொடையில் தாளம் போட்டபடி, "அதெ ஒருக்காச் சுத்தமா வாசிச்சுக் காட்டீரு" என்றாய். கேட்காமலேயே போய்விட்டாய். அந்த வருத்தம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

இன்றைக்கு வந்துவிட்டது! பிசிறே இல்லை. நம்பாமல் மறுபடி வாசித்தேன், மறுபடியும் வந்தது. உடம்பெல்லாம் சிலிர்த்துப் போய், சின்னப் பிள்ளை மாதிரி கைதட்டிக்கொண்டேன். இத்தனை நாள் வராதது எப்படி வந்தது என்று நிதானமாக இன்னொரு தடவை வாசித்துப் பார்த்தேன். தாளம் போட யாருமே இல்லாத அறையில், அந்த இடம் வந்ததும் என் வில் தானாக நிற்கிறது. உன் அடி விழட்டும் என்று காத்திருக்கிறேன்.