நூற்றெட்டுத் தேங்காய்

இஞ்சாருங்கோ,

நான் விட்பியில் அக்கா வீட்டில் இருக்கிறேன். வர வேண்டாம்.

ஐஸ் ஹொக்கியில் ரொறன்ரோ வென்றால் றிச்மண்ட் ஹில் பிள்ளையாருக்கு நூற்றெட்டுத் தேங்காய் உடைப்பதாக நேர்த்தி வைத்தீர்கள். வெல்வதற்கு முதலே வாங்கிக் குசினியில் குவித்தும் விட்டீர்கள். உங்கள் சிநேகிதர்கள் சிரித்தார்கள். நானும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன்.

லொஸ் ஏஞ்சலிசோடு ஏழாவது ஆட்டம் நடந்தபோது எனக்கு வயிற்றில் நோ தொடங்கியது. பிள்ளை பிறக்க இன்னும் நாள் இருந்தது. "உது சும்மா நோ. கொஞ்சம் பொறுமப்பா, மட்ச் முடியட்டும்" என்றீர்கள். ரிவியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. பக்கத்து வீட்டு அன்ரிதான் ரக்சி பிடித்து என்னைக் கொண்டுபோனார்.

ஆட்டம் முடிந்து ஆஸ்பத்திரிக்கு வந்தீர்கள். கண்கள் சிவந்திருந்தன. பிள்ளை போனதை வாசலிலேயே யாரோ சொல்லிவிட்டார்கள் என்று நினைத்தேன். பாவமாக இருந்தது. உங்கள் தலையைத் தடவிவிட்டேன்.

"ஒரு கோலாலை தோத்துப்போட்டாங்களப்பா" என்று விம்மினீர்கள்.

நான் கையை எடுத்துவிட்டேன்.

வாற வருசம் பார்ப்பம் என்று சிநேகிதர்கள் உங்களைத் தேற்றுகிறார்களாம். தேறுங்கள். தேங்காய்களைச் சம்பலுக்குத் துருவுங்கள், ஊருக்கெல்லாம் கொடுங்கள். கோயிலுக்கு மட்டும் கொண்டுபோய்விடாதீர்கள். எங்கள் வீட்டில் இப்போது சாவுத் துடக்கு. உங்களுக்கு அது நினைவிருக்காது என்பதால்தான் எழுதுகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் மகனின் தாய்