வலது தோள்

1974, தை 7, ஞாயிறு
காலையில் பனி. சோழவரம் மைதானத்தில் கம்பெனி கிரிக்கெட் டீமுக்குச் செமி பைனல். ஜெயித்தோம். உடம்பெல்லாம் வலி, தோள் மட்டும் குஷி. போர்மேன் தேவராஜன்தான் எங்கள் கேப்டன். "அடுத்த ஞாயித்துக்கெழம பைனல். கெலிச்சுக் குடு நைனா, மொதலாளி உன்னைப் பர்மனென்ட் பண்றேன்னு சொல்லிக்கீறாரு."

பேக்கிங் செக்‌ஷனில் தினக்கூலி என்று பெயர். மூன்று மாதமாக ஒரு பெட்டிக்கும் ஆணி அடித்ததில்லை. ஸ்டம்பைப் பிடுங்குவதுதான் வேலை.

தை 8, திங்கள்
அப்பாவுக்கு ஜுரம். நாளை கருட சேவை. பெருமாள் வாகனம் தூக்குகிறவருக்கு ஜுரம் வர வேறு நாளே கிடைக்கவில்லை.

அப்பாவோடு தூக்கும் கோவிந்தன் மாமா வந்தார். உயரம் பார்த்துத்தான் வாகனம் சுமக்கும் தண்டுக்கு ஆள். ஒருவர் குட்டையானாலும் வாகனம் சாயும். அப்பா உயரத்துக்குத் திருவள்ளூரில் நான்தான். கம்பெனி என்னை எடுத்ததும் இதே உயரத்துக்குத்தான்.

"வலத்தோள் வேண்டாம் மாமா. ஞாயித்துக்கிழமை பந்து போடணும்."

"அப்பா இடம் வலத்தோள்டா. நீ மாத்தினா எல்லார் நடையும் கெடும்."

அப்பா எழுந்து உட்கார்ந்து நடுங்கிக்கொண்டே வேஷ்டியைத் தேடினார். திட்டியிருந்தால் தப்பித்திருப்பேன். வருகிறேன் என்றேன்.

தை 9, செவ்வாய்
தூக்கியாயிற்று. அப்பா தோளில் எலுமிச்சை அளவு காய்ப்பு. சின்ன வயதில் அதை அமுக்கிக் காலிங் பெல் அடிப்பேன். என் தோளில் வெறும் எலும்பு. தெருத் திருப்பத்தில் பாரம் முழுக்க என் பக்கம். உள்ளே ஏதோ களுக். கூட்டம் "கோவிந்தா!" என்றது. நானும்தான், வேறு காரணத்துக்காக.

தை 12, வெள்ளி
சட்டை மாட்ட அம்மா உதவி. தைலம். ஒத்தடம். மறுபடி தைலம். பிராக்டீசுக்கு மட்டம். சொல்லி அனுப்பிய காரணம்: வயிற்றுப்போக்கு. தோள் என்று சொல்லத் தைரியமில்லை.

தை 14, ஞாயிறு
பைனல். கயிற்றுப் பாய் விரித்த பிட்ச். முதல் பந்து பாதியிலேயே விழுந்து உருண்டது. அதற்கப்புறம் கை காதுக்கு மேல் எழவில்லை.

"இன்னா நைனா, பாயைப் பார்த்ததும் பந்து படுத்துக்கினு கீது?" என்றான் பேட்ஸ்மேன்.

வழக்கமாக நான் அடிக்கிற ஜோக். தேவராஜன் சார் பந்தை வாங்கிக்கொண்டார். திட்டவில்லை. தோற்றோம்.

தை 15, திங்கள்
பேக்கிங்கில் கையில் சுத்தியலைக் கொடுத்தார்கள். தூக்க முடியவில்லை. மத்தியானம் தேவராஜன் சார், தரையைப் பார்த்துக்கொண்டு: "ஊட்டுக்குப் போய் ஒடம்பைப் பாரு. ஆள் வோணும்னா சொல்லி அனுப்பறேன்."

பந்துவீச்சாளர் ஓய்வு பெற்றார். மாலை மரியாதை இல்லை. பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தது, அதுவரை லாபம்.

தை 16, செவ்வாய்
அப்பாவுக்கு ஜுரம் விட்டது, தூக்கத் தெம்பில்லை. தைலம் தேய்த்துவிட்டார். தேய்த்தவர் நிறுத்தினார்.

"அன்னிக்குத் துண்டை எட்டா மடிச்சுத் தண்டுக்கு அடியில வெச்சுண்டியோன்னோ?"

"எந்தத் துண்டு?"

அப்பா தன் துண்டை எடுத்து மடித்தார். பிரித்தார். மறுபடி மடித்தார்.

சாயந்திரம் புறப்பாடு, அப்பா இடத்தில் நான். துண்டு தயார். பந்து போட ஞாயிற்றுக்கிழமைதான் இல்லை.